நீங்கள் கேட்காமல் போன தவணை

மருமகளே என்று ஒருநாளும் அழைக்காமல், "ஏம்மா" என்றே வாய் நிறையக் கூப்பிட்ட மாமாவுக்கு,

முதலில் இதைச் சொல்லிவிடுகிறேன். வீட்டு ஏலம் நின்றுவிட்டது. பாக்கியைத் தவணையாகக் கட்டலாம் என்று பேங்க் கடன் வழக்குகளைப் பார்க்கிற மதுரைக் கோர்ட்டில் உத்தரவு வாங்கியிருக்கிறோம். ஒரு தவணை தவறினாலும் வீடு பேங்குக்குப் போய்விடும்.

அறுப்பு மெஷின் வாங்க இந்த வீட்டை அடமானம் வைத்தீர்கள். ஜாமீன் கையெழுத்து நான் போட்டேன். அடுத்தடுத்து அறுப்பு நேரத்தில் மழை கொட்டியது; சேற்றில் மெஷினை இறக்கவே முடியவில்லை. கடன் கட்டாமல் நின்றது, பேங்க்காரர்கள் வந்து வாசல் சுவரில் நோட்டீஸ் ஒட்டினார்கள். அன்று சாயங்காலமே உங்கள் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு கொல்லைப்பக்கம் போய்விட்டீர்கள்.

அப்புறம் மன்னார்குடிக்குப் போவதென்றாலும் கொல்லை வழிதான். ஏன் என்று கேட்ட பால்காரரிடம், "இங்கதான் காத்து நல்லா வருது" என்றீர்கள். வேப்பமரம்கூட அசையாத சித்திரை வெயிலில் என்ன காற்று, மாமா?

கோர்ட்டில் தவணை கேட்கலாம் என்று நாங்கள் போய்ப் பார்த்த வக்கீலம்மா சொன்னார். "நடவாளுங்க கூலிய நாளைக்குத் தர்றேன்னு ஒருநாள் சொன்னதில்லம்மா நான். இப்ப போயி அவகாசம் குடுங்கன்னு கைகட்டி நிக்கவா?" என்றீர்கள். அதற்குமேல் உங்களிடம் யார் பேச முடியும்? ஆற்றில் தண்ணீர் வருமுன்பே அந்த நாற்காலியில் உங்கள் மூச்சு நின்றுவிட்டது. டாக்டர் மாரடைப்பு என்றார். எனக்கு மனசு ஒப்பவில்லை.

உங்கள் மகன் கோர்ட்டுக்கு எதிரே டீக்கடையோடு நின்றுகொண்டார். அப்பாவுக்குத் தப்பாத பிள்ளை. நான்தான் உள்ளே போனேன். "மாசாமாசம் எவ்வளவும்மா கட்ட முடியும்?" என்று ஜட்ஜ் கேட்டார்.

"மாசச் சம்பளம் வர்ற வீடு இல்லீங்கய்யா. குறுவை அறுத்தா கட்டுறோம், சம்பா அறுத்தா கட்டுறோம்."

அவர் பேங்க் வக்கீலைப் பார்த்தார். அந்த வக்கீலும் சரி என்றார். அவ்வளவுதான் மாமா. யாரும் என்னைக் கைகட்டச் சொல்லவில்லை, யாரும் ஏளனமாகப் பார்க்கவில்லை. வெளியே வந்து டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து அழுதேன். இதைக் கேட்கக் கூசியா எங்களை விட்டுப் போனீர்கள்?

சம்பா அறுப்பு முடிந்து முதல் தவணையை நேற்றுக் கட்டினோம். அறுப்புக் கூலியும் அன்றன்றே கொடுத்தாயிற்று. ரசீதோடு வந்த உங்கள் மகன் பழக்கத்தில் கொல்லைப்பக்கம் திரும்பினார். இத்தனை நாளாக அவரும் அந்த வழியாகத்தான் வந்துபோகிறார். வாசல் கதவை அகலத் திறந்து, "இப்படி வாங்க" என்றேன்.

ரசீதை என் கையில் கொடுத்தார். பிறகு கொல்லைக்குப் போய் உங்கள் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு வந்து வாசலில் போட்டார். அதில் யாரும் உட்காரவில்லை. அத்தை மட்டும் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அதன் கையைத் தடவிக்கொண்டே இருந்தார்.

குறுவைத் தவணையும் தவறாது, மாமா. இனி இந்த வீட்டில் ஒருத்தரையும் கொல்லையில் போய் ஒளிய விடமாட்டேன்.

உங்கள்
ஏம்மா