ஆட்டைப் பார்த்துச் சொன்ன பேச்சு

பரளச்சி
16.10.1993, சனிக்கிழமை

அன்பு மகன் அழகுராஜாவுக்கு உன் அய்யா சீனிச்சாமி சொல்லி எழுதுவது. நான் சுகம், ஆடுகள் சுகம், உன் வீட்டுக்காரி நாகஜோதி எழுந்து நடமாடுகிறாள். நீ சவுதியில் மேலுக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறாய் என்று நம்பியிருக்கிறோம். எல்லாரும் நலம் என்று ஒரே வரியாகச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அதனால்தான் பிரித்துச் சொல்கிறேன். எப்போதும்போல இதையும் அவள்தான் எழுதுகிறாள். கதவுக்கு உள்ளே அவள், வெளியே நான். அவளைப் பற்றி வந்தாலும் ஒரு சொல் விடாமல் எழுதவேண்டும் என்று சொல்லித்தான் ஆரம்பித்திருக்கிறேன்.

உன் மகள் பிறந்து இன்றைக்குப் பத்தொன்பது நாள். பிறந்தபோது இரண்டே முக்கால் கிலோ. புதன்கிழமை நர்சம்மா தூக்குத் தராசில் போட்டுப் பார்த்ததில் இரண்டரைதான் நிற்கிறது. வருகிற புதன் வரை பார்ப்போம், ஏறவில்லை என்றால் அருப்புக்கோட்டை பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோகவேண்டும் என்று சொல்லிவிட்டு, பஸ்ஸுக்கு நேரமாச்சு என்று அந்தம்மா கிளம்பிவிட்டது. பிள்ளைக்கு நோய் எதுவும் இல்லையாம். பால் குடிக்க மாட்டேன் என்கிறது, அவ்வளவுதான். நாகஜோதிக்குத் தாய் இருந்திருந்தால் அங்கே போயிருப்பாள், சொல்லிக்கொடுக்க ஆள் இருந்திருக்கும். இங்கே உன் அம்மாவும் இல்லை. இருக்கிற ஒரு ஆளும் ஆம்பளை, அதிலும் மாமனார். பிள்ளை அழுதால் நான் எழுந்து தொழுவத்துக்குப் போய்விடுகிறேன். அங்கேயும் கேட்கத்தான் செய்கிறது. நாலு வாய் சப்புகிற மாதிரி ச்சுக் ச்சுக் என்று ஒரு சத்தம், உடனே வீறிட்டு ஒரு அழுகை, பின்னாலேயே இவளும் அழுகிற சத்தம். எனக்கு வயது எழுபதுக்கு மேல் ஆகிறது. எழுத்துத்தான் தெரியாதே தவிர, அந்தச் ச்சுக் சத்தம் என்னவென்று எனக்குத் தெரியும். குட்டி காம்பின் நுனியை மட்டும் கவ்வினால் அந்தச் சத்தம்தான் வரும். குட்டிக்குப் பாலும் வராது, தாய்க்கு ரணமும் ஆகும்.

முதல் மூன்று நாளும் எதிர்வீட்டுக் கருத்தம்மாள்தான் கூட இருந்தாள். நல்லவள்தான், ஓடியோடிச் செய்தாள். ஆனால் முதல் பால் மஞ்சளாக இருக்கிறது, பிள்ளைக்கு ஆகாது என்று பீச்சித் தரையில் விடச் சொல்லிவிட்டுச் சீனித்தண்ணி கொடுத்தாள். சீம்பால் குடிக்காத குட்டி தேறி நான் பார்த்ததில்லை. வாசலில் நின்றுகொண்டு, சொல்ல முடியாமல் துண்டை உதறி உதறித் தோளில் போட்டுக்கொண்டிருந்தேன். அப்புறம் அங்கே உன்கூட வேலை பார்க்கிற ஜான்ராஜ் லீவில் வந்தபோது நீ கொடுத்துவிட்ட பால் டப்பாவும் பாட்டிலும் வந்து சேர்ந்தன. நீ ஆசையாக அனுப்பினாய், குற்றம் சொல்லவில்லை. டப்பாவின் மேலே இருக்கிற கொழுகொழு பிள்ளைப் படத்தைப் பார்க்கவே தெருவில் பாதிப் பேர் வந்து போனார்கள். கருத்தம்மாள் விடுவாளா, "ஏத்தா, ஒனக்குப் பாலு பத்தல, சவுதிப் பாலு டப்பா டப்பாவா இருக்கயில எதுக்குப் புள்ளயக் காயப்போடுற?" என்று இவள் மனதில் போட்டுவிட்டாள். பாட்டில் சுலபமாக வருகிறது, பிள்ளை அதற்குப் பழகிவிட்டது. தாயிடம் போனால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறது. இவளுக்குப் பால் இல்லாமல் இல்லை. பால் கட்டிக்கொண்டு இவள் முனகுகிறது என் காதில் விழுகிறது.

இப்போது நான் செய்த காரியத்தைச் சொல்லவேண்டும். செவ்வாய்க்கிழமை காலையில் பிள்ளை அப்படி அழுதது. சினையாக இருந்த ஆடும் ஞாயிற்றுக்கிழமைதான் குட்டி போட்டிருந்தது. அதுவும் மடி கட்டிப்போய்க் குட்டியை அண்டவிடாமல் நின்றது. மருமகளிடம் நேராகச் சொல்ல முடியாத பேச்சை ஆட்டிடம் சொன்னால் அவள் காதில் விழுமே என்று என் புத்திக்குப் பட்டது. ஆட்டைக் கதவோரமாக இழுத்து வந்து, சத்தம் போட்டுச் சொன்னேன். "ஏ சிறுக்கி, மடி கல்லு கணக்கா இருந்தா குட்டி எப்படிக் கவ்வும்? ரெண்டு பீச்சு பீச்சி எளக்கிவிட்டு, அப்புறம் குடு. குட்டி நல்லா வாயத் தொறக்குற வரைக்கும் பொறு. தாடை மொதல்ல ஒட்டணும், காம்பு மட்டும் போனாப் பத்தாது. நீ குனியாத, குட்டிய ஒங்கிட்ட கொண்டா. தலையப் பிடிச்சு அமுக்குனா அது எதுத்துக்கிட்டுத்தான் வரும், கழுத்தடியில தாங்கு. புட்டிப் பாலக் காட்டாத, காம்ப மறந்துரும்." இவ்வளவும் சொன்னேன். எனக்கு அப்போது பெரிய காரியம் பண்ணிவிட்ட மாதிரி இருந்தது.

கொஞ்ச நேரத்தில் கருத்தம்மாள் வந்து எட்டிப் பார்த்து, "என்ன மாமா, தாயில்லாப் புள்ளயப் போயி ஆடு மாடுன்னு ஜாடை பேசுறீக" என்றாள். நம் ஊரில் ஆட்டையும் கோழியையும் பார்த்துப் பேசினால் அது யாருக்கு என்று எல்லாருக்கும் தெரியும். இத்தனை வயதுக்கு எனக்கு அது உறைக்கவில்லை. அன்று நாகஜோதி சாப்பிடவில்லை. அதற்குப் பிறகு கஞ்சியைக் கதவோரம் வைத்துவிட்டுப் போகிறாள், பேச்சு இல்லை. மகனே, அது ஜாடை இல்லை. முத்தாலம்மன் அறிய இல்லை. எனக்குத் தெரிந்த பாஷை அது ஒன்றுதான்.

உனக்கு இதுவரை சொல்லாத ஒன்றைச் சொல்கிறேன். உனக்கு முன்னால் உன் அம்மாவுக்கு ஒரு பெண்பிள்ளை பிறந்தது. நான் அப்போது முதுகுளத்தூர்ப் பக்கம் ஆட்டுக்கிடை போட்டிருந்தேன். ஆள் வந்து சொல்லி நான் வருவதற்குள் முடிந்துவிட்டது. பன்னிரண்டு நாள். நோய் எதுவும் இல்லை. உன் அம்மா ஒன்றே ஒன்றுதான் சொன்னாள், "அதுக்குக் குடிக்கத் தெரியல, எனக்குக் குடுக்கத் தெரியல." அதற்கு மேல் நானும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. அந்தச் சமயம் கிடையில் நாற்பது குட்டியை நான் என் கையால் ஊட்டவிட்டேன், ஒன்று சாகவில்லை. இது நாகஜோதியைப் பயமுறுத்தச் சொன்னதில்லை. நான் ஏன் ஆட்டிடம் போய்க் கத்தினேன் என்பதற்குச் சொன்னது.

இந்த இடத்தில் எழுத்து நின்றது. பிள்ளை அழுதது, அவள் எழுந்து உள்ளே போனாள். நான் வெளியிலேயே உட்கார்ந்திருந்தேன். அந்தச் ச்சுக் சத்தம் கொஞ்சம் கேட்டது, அப்புறம் கேட்கவில்லை. அழுகையும் கேட்கவில்லை. பிள்ளை குடித்ததோ, அழுது அசந்து தூங்கிவிட்டதோ, டப்பாப் பாலைக் கரைத்துக் கொடுத்தாளோ தெரியவில்லை. வெகுநேரம் கழித்து வந்து உட்கார்ந்து, "எதுல மாமா விட்டீக?" என்றாள். நாலு நாளைக்குப் பிறகு என்னிடம் பேசிய பேச்சு அதுதான். பிள்ளை குடித்ததா என்று நான் எப்படிக் கேட்பேன்? நீதான் அவளுக்கு எழுதிக் கேட்கவேண்டும். கேட்டு எனக்கு எழுது, அதையும் அவள்தான் படித்துச் சொல்வாள். எனக்கும் அவளுக்கும் நடுவில் பத்தடி தூரம், சேதி சவுதி போய்த் திரும்ப ஒரு மாசம். புதன்கிழமை தராசு அதற்கு முன்னால் வந்துவிடும்.

மழை இன்னும் இறங்கவில்லை, விதைப்புக்கு வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். வெயிலில் தலையில் துணி கட்டாமல் வேலை செய்யாதே. அவளுக்கு நாலு நல்ல வார்த்தை எழுது, அதட்டி எழுதிவிடாதே. இனிமேல் டப்பா அனுப்பவேண்டாம். நீயும் உன் குடும்பமும் குறைவில்லாமல் இருக்கவேண்டும், உன் மகள் மேலுக்குத் தேறி உன் கையில் வந்து சேரவேண்டும். முத்தாலம்மன் துணை.

இப்படிக்கு
உன் அய்யா சீனிச்சாமி (கைநாட்டு)

இது நான் எழுதுவது. மாமாவுக்குப் படித்துக் காட்டவில்லை. அவர்கள் சொன்னபடி முதலில் கொஞ்சம் பீச்சிவிட்டுக் கொடுத்தேன். வலது பக்கம் மட்டும் கொஞ்ச நேரம் குடித்தாள். இடது பக்கம் இன்னும் புண்ணாக இருக்கிறது, அழுகிறாள். புதன்கிழமையை நினைத்தால் எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது. மாமா வாசலிலேயே உட்கார்ந்திருக்கிறார்கள். எனக்குச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. குடித்தாள் என்று நீங்கள் அவர்களுக்கு எழுதுங்கள்.
நாகஜோதி