செனாமியின் கட்டிலில் படுத்தவர்

உயிதா, பெனின்

அன்பு மகள் செனாமிக்கு,

நாங்கள் இங்கே உயிரோடு இருக்கிறோம். நீயும் அங்கே உயிரோடு இருக்கிறாய் என்று நம்பித்தான் எழுதுகிறேன், போனில் இதைச் சொல்ல வாய் வரவில்லை. மார்செய் நகரத்தில் குளிர் தொடங்கியிருக்கும், கழுத்தை மூடிக்கொள். நீ அனுப்பிய படம் வந்தது. கண்ணாடிப் பெட்டி, தண்ணீர்க் கிண்ணம், நடுவில் பந்தாகச் சுருண்டு மலைப்பாம்புப் பெரியவர். ஊர் ஞாபகத்தில் கடையில் வாங்கினாயாம். கோடை முடிந்ததிலிருந்து அவர் சாப்பிடவில்லை, கடைக்காரன் சொன்னபடி உயிருள்ள எலியை உள்ளே விட்டுப் பார்க்கப்போகிறேன், நீங்கள் என்ன கொடுப்பீர்கள் என்று கேட்டிருந்தாய். அவருக்குக் கொடுக்க நாங்கள் யார்? இங்கே பாம்புக் கோயில் கதவைத் திறந்துவிட்டால் அவரே போய் வேட்டையாடுவார், தோன்றிய வீட்டில் போய்ப் படுப்பார்.

படத்தை உன் அப்பா தெருவில் காட்டியிருக்கக் கூடாது. சோளக்களி விற்கும் ஹுவேஃபா சிரித்துக்கொண்டேதான் கேட்டாள், "ஏங்க்கா, உங்க மக நம்ம தாத்தாவைக் காசு குடுத்து வாங்கிப் பூட்டி வெச்சிருக்காளாமே? இந்தக் கரையிலேருந்து அப்படி அடிமையாக் கப்பலேறிப் போனவங்க யாராச்சும் திரும்பி வந்தாங்களா?" பிறகு அவள் சிரிக்கவில்லை. நானும்.

சில நாளில் கோயில் பாம்புகளில் ஒருவர் நம் வீட்டுக்கு வந்தார். நேராக உன் அறை. உன் கட்டில். மண்டியிட்டு வணங்கினேன். அவரைக் கோயிலுக்குத் தூக்கிப்போக அக்கம்பக்கத்தாரைக் கூப்பிட்டேன், வீட்டுக்காரர் கை படக் கூடாதே. ஒருவரும் வரவில்லை. உன் பெரியப்பா தோசு வாசலிலேயே நின்று, "ஒருத்தரப் பூட்டத் தெரிஞ்ச வீடுதானே, இவரையும் நீங்களே பாத்துக்கங்க" என்றார். அப்பா பயந்துவிட்டார். பசியோடு கிடக்கிறாரே என்று நீ எழுதியதையே செய்தார். எலியை உள்ளே விட்டுக் கதவைச் சாத்தினார். சாப்பிட மனமில்லாத பாம்போடு அடைபட்ட எலி என்ன செய்யும் என்று இந்த ஊரில் யாருக்கும் தெரியாது. இங்கே யாரும் அடைத்ததேயில்லை. காலையில் எலி கடித்துத் தின்ற அவர் முதுகில் எலும்பு தெரிந்தது. மாலையில் இறந்துவிட்டார்.

வெள்ளைத் துணி சுற்றி, மனிதரைப் போலவே புதைத்தோம். யாருடைய படுக்கையில் இறந்தாரோ அந்த ஆளின் பெயரைச் சொல்லித்தான் மண் போட வேண்டும். "சொல்லுடா, யாரு கட்டில்?" என்றார் பெரியப்பா. அப்பா முகத்தைத் திருப்பிக்கொண்டார். பெரியப்பாவே சொன்னார். செனாமி. மண் விழுந்தது.

கொத்தோனு நகரத்தில் கால்நடை மருத்துவரைக் கேட்டு வந்தேன். உயிருள்ள எலி வேண்டாம். கொன்றதை வெதுவெதுப்பாக்கி இடுக்கியால் நீட்டு, மறுத்தால் எடுத்துவிடு. ஒளிந்துகொள்ள இருட்டான மூலை கொடு. பெட்டியின் ஒரு பக்கம் சூடாக இருக்கட்டும். சும்மா சும்மா கையில் தூக்காதே. மாதக்கணக்கில் பட்டினி கிடப்பாராம், மெலிந்தால் மட்டும் மருத்துவரிடம் ஓடு. அவர் உன் வீட்டில் சாகக் கூடாது, செனாமி.

முன்பெல்லாம் சந்தைக்குப் போனால், "செனாமி எப்ப வர்றா, வெள்ளைக்காரன் யாரையாவது பிடிச்சிட்டாளா?" என்று கத்துவார்கள். உன்னையே புதைத்துவிட்டதுபோல, இப்போது யாரும் உன்னைப் பற்றிக் கேட்பதில்லை. நேற்று ஹுவேஃபா என் கையைப் பிடித்துக்கொண்டு, "அழுதுடுங்கக்கா" என்றாள். நான் அழவில்லை.

முன்னோர்கள் உன் தலைமாட்டில் நிற்கட்டும். வேளைக்குச் சாப்பிடு. கடிதம் கிடைத்ததும் பகலில் போன் செய். தெருவில் நின்று ஸ்பீக்கர் போடுவேன். உன் பெயரைச் சொல்லி, சத்தமாகப் பேசு.

உன் அம்மா,
அகுவாவி