தினமும் என்று சொன்ன வாய்

ஏப்ரல் 7

நாடி 76. நேராக ஓடுகிறது. இந்த எண்ணை மட்டும் எழுதத்தான் டாக்டர் நோட்டைக் கொடுத்தார். கன்னியாஸ்திரீகள் பள்ளியில் பத்து வருஷம் படித்தவளுக்கு ஒரு நாளைக்கு ஓர் எண் போதுமா? பேனா என் கையில் இருக்கிறது, எழுதுகிறேன்.

நேற்றுச் சந்தையில் நான் காய்ச்சிய பிட்டோ, அதுதான் எங்கள் சோளக்கள், இரண்டு பானையும் மூன்று மணிக்குள் காலி. எதிர்ச்சாரியில் காய்ச்சி விற்கும் என் ஓரகத்தி எமரென்சியா அக்காவின் பானையில் பாதி மீதி. எனக்கு மனசு குளிர்ந்தது. பாவம்தான். ஞாயிற்றுக்கிழமை சாமியாரிடம் சொல்லிக்கொள்கிறேன்.

ஆனால் முளைகட்டிய சோளம் கொதிக்கும்போது இன்றைக்குக் குமட்டியது. முப்பது வருஷமாக அந்த ஆவியிலேயே நிற்கிறேன், ஒருநாளும் இப்படி ஆனதில்லை.

ஏப்ரல் 10

நாடி 74. களி இரண்டு வாய்க்கு மேல் இறங்கவில்லை. சிறுநீர் கடுங்காப்பி நிறம். வெயில் அதிகம், தண்ணீர் குடி என்கிறாள் அக்கா. குடித்தேன். நிறம் மாறவில்லை.

ஏப்ரல் 12, சந்தை

ஒரு கிழவர் சுரைக்குடுவையைக் கையில் வாங்கினார். என் கண்ணைப் பார்த்தார். இன்னொரு தடவை பார்த்தார். குடுவையை அப்படியே கீழே வைத்துவிட்டு எதிர்ச்சாரிக்குப் போனார்.

வீட்டுக்கு வந்து கண்ணாடியில் பார்த்தேன். வெள்ளை இருக்க வேண்டிய இடம் மஞ்சளாக இருக்கிறது.

ஏப்ரல் 14

ஆஸ்பத்திரி. கோபத்தில் எழுதுகிறேன், எழுத்து கோணினால் கோணட்டும்.

டாக்டர் அம்போஃபோ தெற்கத்திக்காரர், எங்கள் வடக்கத்தி வழக்கம் தெரியாதவர், என் மூத்த மகன் வயது. பிப்ரவரியில் என் இதயம் தாளம் தப்பி, பிடிபட்ட கோழி மாதிரி அடித்துக்கொண்டபோது அதை நேராக்கியவர் அவர்தான். அமியோடரோன் என்று ஒரு மாத்திரை: முதல் வாரம் மூன்று வேளை, அடுத்த வாரம் இரண்டு, பிறகு ஒன்று. அந்த நன்றியை மறக்கவில்லை. ஆனால் இன்றைக்கு அவர் பேசிய பேச்சு!

ரத்தம் எடுத்தார்கள். கல்லீரல் எண் நாற்பதுக்குள் இருக்க வேண்டுமாம். எனக்கு அறுநூற்றுப் பத்து. தொற்றுக் காமாலைக்கும் பார்த்தார்கள், அது இல்லை. பச்சிலை ஏதாவது சாப்பிட்டீர்களா என்றார். இல்லை. உடனே என் அட்டையைத் திருப்பிக் காட்டினார்.

"நீங்களே சொன்னதுதாம்மா. பிப்ரவரியில எழுதியிருக்கேன் பாருங்க. மது: தினமும்."

தவளை தன் வாயால் கெடும். கெட்டேன்.

பிப்ரவரியில் அவர் கேட்டது இது: நீங்கள் காய்ச்சுவதை நீங்கள் குடிப்பீர்களா? எங்கள் ஊரில் இந்தக் கேள்விக்கு ஒரு பதில்தான் உண்டு. காய்ச்சியவள் எல்லார் முன்னாலும் முதல் வாய் குடித்துக் காட்டாமல் ஒருத்தரும் குடுவையைத் தொடமாட்டார்கள். குடிக்கமாட்டேன் என்கிறவள் உள்ளே விஷம் வைத்திருக்கிறாள் என்றுதான் கணக்கு. அதனால் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு "தினமும்" என்றேன். சந்தையில் வாடிக்கைக்காரனுக்குச் சொல்கிற மாதிரி டாக்டரிடம் சொல்லியிருக்கிறேன், மடச்சி. உண்மையில் ஆறு நாளைக்கு ஒரு சந்தை, சந்தைக்கு ஒரு வாய். அவ்வளவுதான்.

இதையெல்லாம் இன்றைக்கு விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, குடிக்கிற எல்லாருமே ஒரு வாய்தான் என்று சொல்வார்கள் என்றார். நர்ஸ் சிரித்தாள்.

நான் குடிகாரியா? புருஷன் போன பிறகு இந்தப் பானைகளை வைத்து நாலு பிள்ளைகளைப் படிக்கவைத்தவள் குடிகாரியா? மாத்திரையை விடாமல் போட வேண்டுமாம், பிட்டோ ஒரு சொட்டும் கூடாதாம், மூன்று வாரம் கழித்து வர வேண்டுமாம்.

சரி. சொன்னதை அச்சுப்பிசகாமல் செய்கிறேன். குணமானால் நீங்கள் சொன்னது சரி, காலில் விழுகிறேன். ஆகவில்லை என்றால்? பார்க்கலாம் டாக்டரே.

ஏப்ரல் 18, சந்தை

நாடி 72. ஒரு சொட்டும் தொடவில்லை. நாலாவது நாள்.

பானையைத் திறந்தேன். வந்தவர்கள் என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். டாக்டர் குடிக்கக் கூடாது என்றிருக்கிறார் என்றேன். அதைவிட வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம். அவள் பிட்டோ அவள் ஈரலையே தின்றுவிட்டது, தன் வினை தன்னைச் சுடும் என்று ஒருத்தி சத்தமாகவே சொல்லிக்கொண்டு போனாள். அவள் கல்யாணத்துக்குக் காய்ச்சிக் கொடுத்தவள் நான்.

இரண்டு பானையையும் பன்றிகளுக்கு ஊற்றினேன். ஊரிலேயே அவைதான் என்மேல் நம்பிக்கை வைத்திருக்கின்றன. நன்றாகத் தூங்கின.

ஏப்ரல் 24, சந்தை

காய்ச்ச வேண்டாம் என்று பிள்ளைகள் போனில் சொன்னார்கள். காய்ச்சினேன். இன்றைக்குப் பானையை மூடினால், அதில் விஷம் இருந்தது என்று நானே ஒத்துக்கொண்டதாகிவிடும். உட்காருவேன். ஆள் வராவிட்டாலும் உட்காருவேன்.

பதினோரு மணி வரை யாரும் வரவில்லை. அப்புறம் எதிர்ச்சாரியிலிருந்து எமரென்சியா அக்கா எழுந்து வந்தாள். இருபத்தைந்து வருஷமாக என் வாடிக்கையைப் பிடுங்கப் பார்க்கிறவள். வேடிக்கை பார்க்க வருகிறாள் என்றுதான் நினைத்தேன். என் குடுவையை எடுத்து, என் பானையில் மொண்டு, சந்தை நடுவில் நின்று முழுசாகக் குடித்தாள். வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"என்னுது மாதிரி வராது. ஆனா சாகற அளவுக்கு மோசமில்ல. என்னய்யா பாக்கறீங்க, உக்காந்து குடிங்க."

ஆறேழு பேர் உட்கார்ந்தார்கள். நான் அழவில்லை. புகைதான் கண்ணில் பட்டது. (பொய். அழுதேன்.)

பிறகு ஏன் அக்கா என்று கேட்டேன். "உன்ன ஜெயிக்கணும்னா நீ உயிரோட கடை போடணும்டி" என்றாள்.

ஏப்ரல் 29

பதினைந்து நாள். ஒரு சொட்டு இல்லை. நேற்றைவிட மஞ்சள். உடம்பெல்லாம் அரிப்பு. நாடி 70, அழகாக, நேராக. இதயம் ஒழுங்காக நடக்க நடக்க நான் கெட்டுக்கொண்டே போகிறேன். இது யாருக்கும் விசித்திரமாகப் படவில்லையா?

மே 2

மாத்திரை தீர்ந்தது. ஆஸ்பத்திரி மருந்து ஜன்னலுக்குப் போனேன். அங்கே இருப்பவன் அயம்கா, பக்கத்து இனமான ஃப்ராஃப்ராக்காரன். அவர்களுக்கும் எங்களுக்கும் தலைமுறை தலைமுறையாகக் கேலி முறை. என்ன சொன்னாலும் கோபித்துக்கொள்ளக் கூடாது. வா நாய்தின்னி, மஞ்சள் பூசிக்கொண்டு எந்தக் கல்யாணத்துக்குப் போகிறாய் என்றான். நீ தின்ற நாயின் எலும்பை எண்ணத்தான் வந்தேன் என்றேன். வழக்கம்போல் மாத்திரைப் பட்டையை வெட்டிச் சின்ன உறையில் போட்டுக் கொடுத்தான்.

அப்போதுதான் எனக்குத் தோன்றியது. பெட்டி அவனிடம் இருக்கிறது. பெட்டிக்குள் ஒரு காகிதம் இருக்குமே, அது எங்கே?

சிரித்தான். அதையெல்லாம் யாரும் கேட்பதில்லை, குப்பையில் போடுவோம் என்றான். நான் கேட்கிறேன் என்றேன். தேடி எடுத்துக் கொடுத்தான். எறும்பு எழுத்து. வெளியே வேப்பமரத்தடியில் உட்கார்ந்து, பள்ளிக்கூடத்து இங்கிலீஷை வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் படித்தேன். பாதி புரியவில்லை. ஆனால் கல்லீரல் என்கிற வார்த்தை எனக்குத் தெரியும். ஒரு தடவை இல்லை, பல இடத்தில் இருக்கிறது. திடீரென்று பாதிக்கலாம். கண் மஞ்சளாகலாம். மாத்திரை தொடங்கும் முன்பும், பிறகு அவ்வப்போதும் ரத்தம் பார்க்க வேண்டும். எனக்குப் பிப்ரவரியில் யார் பார்த்தார்கள்? ஒருத்தரும் இல்லை.

ஜன்னலுக்குத் திரும்பிப் போய் அயம்காவிடம் விரல் வைத்துக் காட்டினேன். படித்ததும் அவன் முகத்தில் கேலி போய்விட்டது.

இன்றைக்கே நிறுத்திவிடுகிறேன் என்றேன். கையைப் பிடித்துக்கொண்டான். "நீயா நிறுத்தாதக்கா. இதயம் மறுபடி முரண்டு பண்ணினா யாரு பாக்கறது? திங்கக்கிழமை டாக்டர்கிட்டப் போ. நானும் வரேன்." கேலி முறைக்காரன் என்னை அக்கா என்று கூப்பிட்டது இதுதான் முதல் தடவை. அதிலேயே பாதி பயம் வந்துவிட்டது.

மே 5

எண்: தொள்ளாயிரத்து எண்பது.

டாக்டர் அதைப் பார்த்துவிட்டு, இன்னும் குடிக்கிறீர்கள் என்றார். கேட்கக்கூட இல்லை. முடிவே கட்டிவிட்டார்.

நான் இந்த நோட்டை அவர் மேஜையில் வைத்தேன். படியுங்கள் என்றேன். இங்கிலீஷில்தான் எழுதியிருக்கிறேன், உங்களுக்குப் புரியும். திட்டியிருப்பதையும் சேர்த்துப் படியுங்கள். இருபத்தொரு நாள் ஒரு சொட்டு இல்லை. குடியை நிறுத்தினேன், எண் ஏறியது. நிறுத்தாதது எது? அதற்குமேல் அந்தக் காகிதத்தை வைத்தேன்.

"மூணு வாரமா நான் உங்க பேச்சக் கேட்டேன். இன்னிக்கு ஒரு நாள் நீங்க என் பேச்சக் கேளுங்க."

இதை நிறுத்தினால் தாளம் தப்பும், ரத்தம் உறைந்து மூளைக்குப் போகலாம், பக்கவாதம் வரலாம் என்றார். அவர் பயமும் பொய்யில்லை, எனக்குத் தெரிந்தது. நிறுத்தாவிட்டால் என்று கேட்டேன். அயம்கா கதவோரம் நின்று மெல்ல இருமினான். டாக்டர் நோட்டின் ஒவ்வொரு பக்கத்தையும் திருப்பினார். மடச்சி என்று என்னை நானே திட்டிக்கொண்ட இடத்தில் கொஞ்சம் நின்றார். பிறகு வெளியே போய், தெற்கே குமாசி நகரத்தின் பெரிய ஆஸ்பத்திரியில் இருக்கும் தன் பெரிய டாக்டரிடம் போனில் ரொம்ப நேரம் பேசினார்.

திரும்பி வந்து மாத்திரையை நிறுத்தினார். என்னைப் படுக்கையில் சேர்க்கச் சொன்னார். என் முன்னாலேயே அட்டையில் "மது" வரியைச் சிவப்பு மையில் அடித்தார். அந்த மாத்திரை இனி தரக் கூடாது என்று கீழே எழுதினார். நான் உங்களை நம்பியிருக்க வேண்டும், அம்மா என்றார். ஆமாம் என்றேன். பரவாயில்லை என்று சொல்ல வாய் வரவில்லை.

மே 8

வார்டு. வாந்தி. உள்ளங்கையும் மஞ்சள். மருந்து உடம்பில் மாதக்கணக்கில் தங்குமாம், நிறுத்தினாலும் உடனே விடாதாம்.

அயம்கா வந்தான். கட்டிலைச் சுற்றி வந்து சவப்பெட்டிக்கு அளவு எடுக்கிற மாதிரி கை விரித்தான். "செத்துடாத. உன் சாவுக்கு வந்து கேலி பண்ணணும்னா எனக்கு லீவு கிடையாது." சிரித்ததில் விலா வலித்தது. பயமாக இருக்கிறது. எழுதிவிட்டேன், போதும்.

மே 9

இருக்கிறேன்.

மே 13

எழுநூறு. இறங்குகிறது! நாடி 104, கோணல்மாணல். தாளம் தப்பிவிட்டது. அது தப்பட்டும், இது இறங்குகிறது.

மே 21

வீடு. முந்நூற்றுச் சொச்சம். இதயத்தை மெதுவாக்க வேறொரு மாத்திரை, ரத்தம் உறையாமலிருக்க இன்னொன்று. இரண்டுக்கும் காகிதம் கேட்டு வாங்கினேன். அயம்கா இப்போது கேட்பதற்கு முன்னாலேயே எடுத்து வைக்கிறான்.

ஜூன் 17, சந்தை

நாடி 90, ஒழுங்கில்லை. முதல் வாய் இன்னும் அக்காதான். ஒவ்வொரு சந்தைக்கும் ஒவ்வொரு குறை சொல்கிறாள்: புளிப்பு, தண்ணீர், புகை வாடை. சொல்லிக்கொண்டே குடுவையைக் காலி பண்ணுகிறாள். இன்று ஒன்றரைப் பானை போனது.

ஜூலை 28

முப்பத்தெட்டு! நாற்பதுக்குள்! கண் வெள்ளை. டாக்டர் எழுந்து நின்று கை கொடுத்தார். தாளத்தைத் திரும்ப நேராக்க வேறு வழிகள் இருக்கின்றன, குமாசிக்குப் போகலாம் என்றார். இப்படியே எத்தனை நாள் ஓடும் என்று கேட்டேன். மாத்திரையை ஒழுங்காகப் போட்டால் பல வருஷம் என்றார். அப்படியென்றால் கோணலாகவே ஓடட்டும்.

அவருக்குத் தெற்கே மாற்றல் வந்துவிட்டதாம். இனி இதய மாத்திரை தொடங்குகிறவர்களுக்கெல்லாம் முதலில் ரத்தம் பார்க்கச் சொல்லியிருக்கிறாராம். கொஞ்சம் வருத்தமாகத்தான் இருந்தது. அவர் போவதற்கு நான் வருத்தப்படுவேன் என்று ஏப்ரலில் யாராவது சொல்லியிருந்தால் அடித்திருப்பேன்.

செப்டம்பர் 22

ஆஸ்பத்திரியில் அட்டை போய்விட்டது. எல்லாம் கம்ப்யூட்டர். புது டாக்டர் வந்திருக்கிறார், மீசைகூடச் சரியாக முளைக்கவில்லை. நாடி பார்த்தார், முகம் சுளித்தார், இந்தத் தாளத்தைச் சரிசெய்ய நல்ல மாத்திரை இருக்கிறது என்று தட்ட ஆரம்பித்தார். பெயரைக் கேட்டேன். அமியோடரோன் என்றார்.

திரையைத் திருப்பச் சொன்னேன். திருப்பினார். மது: தினமும். அது அப்படியே ஏறியிருக்கிறது. சிவப்பு மையில் அடித்ததும், கீழே எழுதியதும் ஏறவில்லை.

அந்த மாத்திரை எனக்கு ஆகாது, கல்லீரலைக் கெடுத்தது, எழுதிக்கொள்ளுங்கள் என்றேன். பழைய அட்டையைத் தேடிப் பார்த்துவிட்டு அடுத்த தடவை எழுதலாம் என்றார். வெளியே நாற்பது பேர் காத்திருக்கிறார்களாம்.

"நானும் காத்திருக்கேன்" என்று சொல்லி நாற்காலியில் உட்கார்ந்துகொண்டேன்.

வரிசை முணுமுணுத்தது. கிழவி எழுந்திரு என்றார்கள். நர்ஸ் கையைப் பிடித்தாள், விடுவித்துக்கொண்டேன். விஷயம் என்ன என்று வரிசையில் ஒருத்தி கேட்டாள், சொன்னேன். அவள் பின்னால் இருந்தவளுக்குச் சொன்னாள். கொஞ்ச நேரத்தில் முணுமுணுப்பு டாக்டர் பக்கம் திரும்பிவிட்டது. தட்டிப் போடுங்களேன் ஐயா, ஒரு வரிதானே என்றார்கள்.

தட்டினார். படித்துக் காட்டச் சொன்னேன். படித்தார். மது வரியையும் எடுக்கச் சொன்னேன். அப்போ என்ன எழுத என்றார்.

"சொந்தமாக் காய்ச்சி விக்கறவ. அதை எழுதுங்க."

எழுதினார். இரண்டு தடவை எழுத்துக்கூட்டிப் பார்த்துவிட்டுத்தான் எழுந்தேன். நாடி 96. சோளம் ஊறப்போட வேண்டும், ஐந்து நாளில் சந்தை.