பொத்தான் டப்பாவுக்கு அடியில்

அன்புள்ள மா,

உன் காலைத் தொட்டு வணங்குகிறேன். முழங்கால் வலி குறைந்ததா? போனில் பேசினால் பாபா பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார், அதனால்தான் எழுதுகிறேன். படித்ததும் கிழித்துவிடு.

பயப்பட ஒன்றுமில்லை. பெண்களைக் காதலித்த பெண்களிடம் எங்கள் பல்கலைக்கழகத் துறை இருபது வருடம் முன்பு எடுத்த பேட்டிகளைக் கணினியில் ஏற்றுகிறேன். அதில் ஒருத்தி நம் கூச்பிஹார்க்காரி. வழக்கப்படி பெயரை ‘மாலதி’ என்று மாற்றியிருக்கிறார்கள். மற்றதை மாற்ற மறந்துவிட்டார்கள். தோழியின் கடிதங்கள் தையல் மெஷின் டிராயரில், பொத்தான் டப்பாவுக்கு அடியில் இருக்கின்றனவாம். மகள் அந்த டிராயரைத் தொட்டால் அடி விழுமாம்.

எனக்கு அந்த அடி நினைவிருக்கிறது, மா. வியாழக்கிழமைதோறும் உன்னிடம் ஜாக்கெட் அளவு கொடுக்க வந்த பூரபி மாசி, ஒரு புது ஜாக்கெட் போட்டுக்கூட நான் பார்த்ததில்லை.

கூட வேலை செய்யும் ரிமிதா எட்டிப் பார்த்து, "ஏய், உங்க ஊர்க்காரிதானே? யாருன்னு உனக்குத் தெரியும்போல, மூஞ்சியே சொல்லுதே!" என்றாள்.

"எங்க ஊர்ல வீட்டுக்கு வீடு தையல் மெஷின்தான்டி" என்றேன். அவள் நம்பியதாகத் தெரியவில்லை.

அவள் சாப்பிடப் போனதும் மாலதியின் பேட்டியில் டிராயரை அரிசி டின்னாக்கினேன். மகளை மகனாக்கினேன். அடியை மட்டும் அப்படியே விட்டுவிட்டேன்.

என் நீல ஸ்வெட்டரை அனுப்பு. அதில் ஒரு பொத்தான் இல்லை. அந்த டப்பாவிலிருந்தே எடுத்துத் தைத்துவிடு. தபால் எடுக்கும் நேரமாகிவிட்டது. பூரபி மாசியிடம் நான் விசாரித்ததாகச் சொல், பாபா வீட்டில் இல்லாத வியாழக்கிழமையாகப் பார்த்து.

உன் ஜினியா