சுண்ணாம்புக் கோட்டு வீடு

முதலமடை மாந்தோப்புப் பேரரசி கோமதிக்கு, தேவிகுளத்திலிருந்து உன் புருஷன் பூபதிராஜா வணங்கி எழுதுவது. முட்டிவலி குறைந்ததா? யாரும் நம்பாத கதையொன்றைச் சத்தியமாகச் சொல்கிறேன்.

போன வருட மண்சரிவில் அழிந்த தேயிலை எஸ்டேட் தொழிலாளர் லயத்து வரிசை வீடு ஒன்றை, பஸ் நிற்கும் மைதானத்தில் சுண்ணாம்புப் பொடியால் அதே அளவில் கோடாக வரைந்தேன். "இதுக்குப் பேரு கலைங்களா?" என்று நீ கேட்பது காதில் விழுகிறது. பார்க்க வந்த கூட்டத்தில் மலையே ஒரு பக்கம் சாய்ந்தது. யானைகள் வரிசையில் நின்றன.

அந்த வீட்டில் புருஷனையும் பிள்ளையையும் பறிகொடுத்த மாரிக்கனியும் வந்தாள். வாசலுக்கு விட்ட இடைவெளியில் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனாள். "அடுப்பு இந்தப் பக்கம்லா இருந்துச்சு!" என்று என்னைக் கடிந்துகொண்டு அங்கேயே உட்கார்ந்தாள்.

மழை பிடித்துக்கொண்டது.

"நனையறீங்க, வெளிய வாங்கம்மிணி!" என்றேன்.

"வீட்டுக்குள்ளதான இருக்கேன்."

சுண்ணாம்பு கரைந்து ஓடியபோது இரண்டு கையாலும் தடுத்தாள். "ரெண்டாந் தடவையும் போகுதய்யா" என்றாள்.

யாரோ எடுத்த போட்டோவைப் பார்த்துவிட்டு, கொச்சிக் கண்காட்சிக்காரர்கள் அங்கே வந்து வரையக் கூப்பிடுகிறார்கள். அங்கே கூரை போட்ட கூடமாம், கோடு கரையாதாம். இன்னும் பதில் சொல்லவில்லை.

ஒரு குடை அனுப்பு, என்னுடையது அவளிடம் இருக்கிறது. கம்பளியும் உப்பு மாங்காயும் அனுப்பு. போன் பண்ணாதே, என் குரல் என்னைக் காட்டிக்கொடுத்துவிடும்.

நம்மூர் திரும்பும் லாரிக்காரர் இந்தக் கடிதத்துக்காக ஹாரன் அடிக்கிறார், முடிக்கிறேன். யானை பொய், மலை சாய்ந்தது பொய். கோடெல்லாம் அழிந்த பிறகும் அவள் சுவர் இருந்த இடத்தை மிதிக்காமல், வாசல் வழியாகத்தான் வெளியே வந்தாள். அது மட்டும் நிஜம், கோமதி.