மிதவெள்ளித் தூள்

காற்றுமாதம் 3

பள்ளிக்கூடத்துச் சுற்றுச்சுவர் வேலை முடிந்தது. வீட்டுக்கு வந்து தண்ணீர் குடித்துவிட்டுத் திரும்பினால் பின்னால் என் பெண்டாட்டி நிற்கிறாள். படியேறி வந்த சத்தமே கேட்கவில்லை.

"பூனை மாதிரி வர்றியே!" என்றேன்.

"கல்லு உடைச்சு உடைச்சு உங்க காது மந்தமாயிடுச்சு. என்னைச் சொல்றீங்க."

இருக்கலாம்.

அவள் தலைமுடியில் இன்றும் மிதவெள்ளித் தூள். உதறினால் கீழே விழாது. மினுங்கிக்கொண்டே மேலே போய்க் கூரையில் ஒட்டிக்கொள்ளும். எங்கள் மகள் குட்டிக்கு அது தினசரி வேடிக்கை. "அம்மா, இன்னொரு தடவை!" என்று குதிப்பாள். அந்த வெள்ளியை மலைக்கடியிலிருந்து வெட்டும்போதே சங்கிலி போட்டுத்தான் வெளியே கொண்டுவருவார்கள். விட்டால் வானத்துக்குப் போய்விடும். வான்கப்பலுக்கு அடித்தகடு அதில்தான். தகட்டை அரம் போட்டு மெருகேற்றுவது இவள் வேலை. இவள் கை பட்ட தகட்டில் ஈ உட்கார்ந்தாலும் வழுக்கும் என்பார் பட்டறை மேஸ்திரி.

காற்றுமாதம் 11

கழுவிவிட்ட தரையில் அவள் நடந்து போனாள். ஈரத்தில் விரல் நுனி மட்டும் பதிந்திருந்தது. குதிகால் இல்லை.

காற்றுமாதம் 14

மளிகைக் கடையில் மூட்டை நிறுக்கும் தராசில் விளையாட்டாக ஏறினாள். மறுதட்டில் குட்டி. குட்டியின் தட்டு சட்டென்று தரையில் போய் இடித்தது. "தராசு கோளாறும்மா" என்று கடைக்காரர் சிரித்தார். பிறகு குட்டியை இறக்கிவிட்டு அங்கே ஒரு சின்ன மூட்டையை வைத்துப் பார்த்தார். அதுவும் தரையில் இடித்தது. சிரிப்பு நின்றது.

அவள் என் முகத்தைப் பார்க்காமல் இறங்கினாள். இறங்கினாளா? நான்தான் கையைப் பிடித்து இழுத்து இறக்கினேன்.

காற்றுமாதம் 15

வைத்தியர் அவள் நெஞ்சில் காது வைத்து ரொம்ப நேரம் கேட்டார். "மூச்சோட தூள் உள்ள போயிருக்கு. உடம்புச் சூட்டுல அது ஊறும், பெருகும். இனி வேலைக்குப் போகாட்டியும் நிக்காது."

"எடுக்க முடியாதா?"

"எதைன்னு எடுக்கிறது? நெஞ்சு பூரா அதுதான்." பிறகு, "கனமா எதையாச்சும் கட்டிக்கச் சொல்லுங்க" என்றார்.

இதைச் சொல்ல ஒரு வைத்தியரா?

காற்றுமாதம் 16

மேஸ்திரியின் சட்டையைப் பிடித்து உலுக்கிவிடுவது என்றுதான் பட்டறைக்குப் போனேன். "என் பொண்டாட்டிக்கு என்னய்யா பதில் சொல்றே?" என்று கத்தினேன். அவர் காற்சட்டையை முழங்கால்வரை ஏற்றினார். கணுக்கால் இரண்டிலும் கனத்த இரும்பு வளையம். சுற்றிலும் புண்.

"எனக்கு யாருப்பா பதில் சொல்றது?" என்றார்.

உலுக்க நீட்டிய கையை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை. திரும்பி வந்துவிட்டேன்.

காற்றுமாதம் 25

கல்லைச் சிறு சிறு பலகையாகச் செதுக்கினேன். அத்தை தன் மகளின் இடுப்புப் பட்டையில் பை பையாகத் தைத்து அவற்றை உள்ளே வைத்தார். "காலு தரையில பாவ மாட்டேங்குதுன்னு சின்னதுல இவள எத்தனை தடவை திட்டியிருப்பேன். என் வாயில கொள்ளிய வைக்க" என்று தலையில் அடித்துக்கொண்டார்.

"மனசு கனமாத்தாம்மா இருக்கு. அந்தக் கனம் பத்தலையே, என்ன செய்ய?" என்று சிரித்தாள் இவள். அத்தையும் சிரித்தார். எனக்குத்தான் முடியவில்லை.

மழைமாதம் 6

கல்லைக் கூட்டிக்கொண்டே போகிறேன். இடுப்பு, தோள் எல்லாம் கன்றிப்போயிருக்கிறது. "மேல அது இழுக்குது, கீழ உங்க கல்லு இழுக்குது. நடுவுல நான் கிழியுறேங்க. அவிழ்த்து விடுங்க."

உங்க கல்லு என்கிறாள்.

மழைமாதம் 7

அவிழ்த்துவிட்டேன். கூரையின் உட்புறம் மெத்தையை ஆணி அடித்துப் பொருத்தி, அவளை அதில் சேர்த்துவிட்டோம். முதுகு மெத்தையில் ஒட்டியிருக்க, மேலிருந்து எங்களைக் குனிந்து பார்க்கிறாள். முகத்தில் வலி இல்லை.

"உச்சியில வழுக்கை விழுந்திருக்குங்க உங்களுக்கு. சொல்லவே இல்லையே!"

ஏணியில் நின்று சாப்பாடு ஊட்டினேன். குட்டி கைதட்டினாள்.

மழைமாதம் 18

கூரைப் பலகை முனகுகிறது. வெளிப்பக்கம் உத்தரம் போட்டு, அதன்மேல் பாறாங்கல் ஏற்றினேன். கட்டினது கீழே விழாமல் பார்ப்பதுதான் என் தொழில். மேலே விழுகிறவளுக்கு எப்படி முட்டுக்கொடுப்பது? யாரைக் கேட்பது?

இருமல் அதிகம். இருமும்போதெல்லாம் உதட்டோரம் மினுங்குகிறது. குட்டி இப்போது கைதட்டுவதில்லை. ஏணியில் ஏறி அம்மாவின் கையைப் பிடித்துத் தொங்குகிறாள், தன் கனத்தால் இழுத்து இறக்கிவிடலாம் என்று.

மழைமாதம் 23

"தண்ணி வேணுமா?" என்றேன். பதில் இல்லை. கண் திறந்து என்னைப் பார்த்தபடியே இருந்தாள். ஏணியில் ஏறித் தொட்டேன். சூடு இல்லை.

சூடு போனால் தூளும் அடங்கும் என்று நினைத்தேன். அடங்கவில்லை.

மழைமாதம் 24

பெட்டியைத் தூக்க ஆள் தேவைப்படவில்லை. அழுத்திப் பிடிக்கத்தான் தெருவே வந்தது. மேஸ்திரியும் வந்து தன் கால் வளையங்களில் ஒன்றைக் கழற்றிப் பெட்டியின்மேல் வைத்தார். குழி மூடி, மேல்கல்லை நான்தான் வைத்தேன். என் பெண்டாட்டி மேல்.

மழைமாதம் 30

மேல்கல் அசைந்திருந்தது. இன்னொன்று ஏற்றினேன்.

பனிமாதம் 9

மறுபடி. இன்னொன்று.

பனிமாதம் 20

தோளில் கல்லோடு இடுகாட்டுக்குப் போனேன். குட்டி கூட வந்தாள். மண் வெடித்து, கற்கள் ஒரு பக்கமாகத் தூக்கிக்கொண்டு நின்றன.

"இதையும் அம்மா மேல வைக்கப் போறியாப்பா?"

கல்லை ஓரமாக இறக்கிவைத்தேன். அதன்மேல் இருவரும் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தோம். கிளம்பும்போது அதைத் தூக்கவும் இல்லை, குழிமேல் வைக்கவும் இல்லை.

பனிமாதம் 23

இடுகாட்டுக் காவல்காரர் காலையில் கதவைத் தட்டினார். கற்கள் கவிழ்ந்து கிடக்கின்றனவாம், குழி காலியாம். சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்தார்.

"சரிங்க" என்றேன். உள்ளே வந்து குட்டிக்குத் தலை வாரிவிட்டேன்.