சரி என்று ஒரு வார்த்தை

யெரெவான்,
1998 செப்டம்பர் 14

அன்புள்ள தம்பி வாகினாக்,

உன் நோவெல்லாம் எனக்கு வரட்டும். நல்லபடியாக வந்து சேர்ந்தேன். உன் நாஸெலி கட்டிக் கொடுத்த ரொட்டியை வழி நெடுக மடியில் வைத்திருந்தேன். பிரிக்கவே இல்லை.

அப்பா வாசலில் நின்று கேட்டது இன்னும் காதில் இருக்கிறது. "பொறந்த வீட்டுக்கே சிவப்புச் சாயம் பூச வந்தியாடி? வேற ஊரே கிடைக்கலையா உனக்கு?" எங்கள் நிலநடுக்க ஆய்வுக் கழகத்தின் இயக்குநர் நோராயிர், அந்த வீட்டை வேறொருவர் சோதிக்கட்டும் என்றுதான் சொன்னார். நான்தான் கேட்கவில்லை. ஊர் வீடுகளுக்கெல்லாம் இடியக்கூடியவை என்று சிவப்புக் குறி போட்டுவிட்டு நம் வீட்டை மட்டும் இன்னொருவர் தலையில் கட்டினால் நாளைக்கு ஊர் என்ன பேசும்?

நம் சுவர் பார்வைக்குக் கோட்டை மாதிரி இருக்கிறது. ஆனால் உள்ளும் புறமும்தான் செதுக்கிய கல். நடுவில் வெறும் சல்லியும் மண்ணும். நிலம் பலமாக ஆடினால் இரண்டு முகமும் பிரிந்து, கூரை உள்ளே உட்கார்ந்துவிடும். கல்லையும் நிலநடுக்கத்தையும் தவிர வேறெதையும் படிக்காத எங்கள் கழகத்துக்கு இந்த ஒன்றாவது உறுதியாகத் தெரியும். பத்தாண்டுக்கு முன் அம்மா பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது இடிந்த பள்ளிக்கூடமும் இப்படிக் கட்டியதுதான்.

பனி விழுவதற்குள் அரசாங்கம் கொடுத்த இரும்பு அறைக்கு மாறிவிடுங்கள். அடுத்த ஆண்டு சுவர்களுக்கு இரும்புப் பட்டை போட்டதும் திரும்பலாம். அப்பாவை நீதான் சமாதானப்படுத்த வேண்டும்.

உன் அக்கா
ஷோகிக்


கார்த்தூன்,
1998 நவம்பர் 22

அன்பு அக்காவுக்கு,

மாறிவிட்டோம். முதல் நாள் அப்பா இரும்புச் சுவரைத் தட்டிப் பார்த்து, "டப்பாவுல அடச்சா மீனு கெடாதுன்னு கேள்விப்பட்டிருக்கேன். மனுஷன அடச்சா?" என்றார். சிரித்தோம். இப்போது சிரிப்பு வரவில்லை. எவ்வளவு வறட்டி எரித்தாலும், அடுப்பு அணைந்த கொஞ்ச நேரத்தில் சுவரின் உட்பக்கம் உறைபனி பூக்கிறது. விடியும்போது போர்வை அதோடு ஒட்டிக்கிடக்கிறது. அப்பாவுக்கு இருமல் நிற்கவில்லை.

தண்ணீர் பிடிக்கிற இடத்தில் பக்கத்து வீட்டு அருஸ்யாக் நாஸெலியிடம், "உங்க நாத்தனா படிச்ச படிப்பு ஊரையே தெருவுல நிறுத்திருச்சு. இன்னும் நாலு எழுத்துப் படிச்சிருந்தா மலையையும் காலி பண்ணச் சொல்லியிருப்பா" என்றாளாம். நாஸெலி சண்டைக்குப் போகவில்லை. அவள் முழுகாமல் இருக்கிறாள், அக்கா. உன்னிடம் சொல்லச் சொன்னாள்.

ஒன்று கேட்கிறேன். குளிர் முடியும்வரை அப்பா மட்டும் பழைய வீட்டு அடுப்பறையில் படுத்துக்கொள்ளட்டுமா? நான் சொன்னால் கேட்க மாட்டேன் என்கிறார். "அவ பூசின சாயம். அவ சொன்னாத்தான் உள்ள போவேன். எம் பொண்ணு பேச்ச நானே மீறினா ஊர்ல எவன்டா மதிப்பான்?" என்கிறார்.

சரி என்று ஒரு வார்த்தை எழுது.

உன் தம்பி
வாகினாக்


யெரெவான்,
1998 டிசம்பர் 9

அன்புத் தம்பி,

நாஸெலியின் சேதி படித்து வெகுநாளைக்குப் பிறகு சந்தோஷப்பட்டேன். அவளுக்கு உலர்ந்த ஆப்ரிகாட் பழமும், அப்பாவுக்கு இரண்டு கம்பளியும் இருமல் மருந்தும் பேருந்து ஓட்டுநரிடம் கொடுத்திருக்கிறேன்.

நீ கேட்ட வார்த்தையை எழுதிப் பார்த்தேன். கிழித்துவிட்டேன். அம்மாவை இடிபாட்டிலிருந்து எடுத்த அன்று அப்பாவின் விரல்களில் நகம் இல்லை. நீ சின்னவன் என்று உன்னைப் பக்கத்தில் விடவில்லை. நான் பார்த்தேன். அப்பாவையும் அப்படி எடுக்க என்னால் ஆகாது. இருமலுக்கு மருந்து இருக்கிறது. கூரைக்கு இல்லை.

என்மேல் கோபித்துக்கொள். ஆனால் அவரை உள்ளே விடாதே.

ஷோகிக்


கார்த்தூன்,
1999 பிப்ரவரி 20

அக்கா,

தந்தி கிடைத்திருக்கும். கணவாய் பனியில் மூடிக்கிடந்தது, உன்னால் வந்திருக்க முடியாது. எனக்குத் தெரியும். ஊர்தான், "கடைசி முகம் பாக்கக்கூட வரலியே" என்றது.

கடைசியில் அப்பா நெஞ்சில் சளி கட்டி மூச்சு விடவே கஷ்டப்பட்டார். "ஷோகிக் எழுதிட்டாளாடா?" என்று கேட்டார். "எழுதிட்டாப்பா. சரின்னு எழுதிட்டா" என்றேன். முகம் மலர்ந்துவிட்டது. "பாத்தியா, எம் பொண்ணுக்கு மனசு கேக்கல" என்றார். அருஸ்யாக்கின் மகனும் நானும் கம்பளியோடு தூக்கிக்கொண்டு போனோம். அடுப்பறையில் வியர்த்தபோது குழந்தை மாதிரிச் சிரித்தார். "இப்பத்தான்டா என் உடம்பு எங்கிட்ட திரும்பி வந்திருக்கு." மறுநாள் விடிந்தபோது அவர் இல்லை.

வைத்தியர், "ஒரு மாசம் முன்னாடியே கொஞ்சம் சூட்டுல படுக்க வெச்சிருந்தா..." என்று ஆரம்பித்தார். என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

உன்னைக் குற்றம் சொல்ல எழுதவில்லை. உன் பெயரில் நான் பொய் சொன்னேன். அதைச் சொல்லத்தான்.

வாகினாக்


யெரெவான்,
1999 மே 30

அன்புள்ள தம்பி,

நாற்பதாம் நாளுக்கு வந்தபோது கல்லறையில் தோளோடு தோள் நின்றோம். நீ ஒரு வார்த்தை பேசவில்லை. பேசாதே என்று நானும் உள்ளுக்குள் வேண்டிக்கொண்டுதான் நின்றேன். அதற்குப் பிறகு நான் எழுதியவற்றுக்கும் பதில் இல்லை.

போன செவ்வாய்க்கிழமை எங்கள் கருவியின் ஊசி துள்ளியது. கணக்குப் பார்த்தால் நம்மூர்ப் பக்கம். எல்லோரும் தொலைபேசிக்கு ஓடினார்கள். நான் உட்கார்ந்த இடத்திலேயே இருந்தேன். என்ன நினைத்தேன் தெரியுமா? அந்த வீடு விழுந்திருக்கட்டும் என்று. விழுந்திருந்தால் நான் சொன்னது உண்மையாகிவிடும். அப்பா குளிரில் கிடந்ததற்கு ஓர் அர்த்தம் வந்துவிடும். நீயும் நாஸெலியும் அதற்குப் பிறகுதான் ஞாபகம் வந்தீர்கள்.

யாருக்கும் ஒன்றுமில்லை, ஒரு கல்கூட உதிரவில்லை என்று சேதி வந்தது. அழுதேன். நோராயிர் தோளைத் தட்டி, "அதான் எல்லாரும் நல்லா இருக்காங்களே, ஏம்மா அழற?" என்றார். எதற்கு அழுதேன் என்று அவரிடம் எப்படிச் சொல்ல?

இது சின்ன அதிர்வு. இதில் நின்றது பெரியதிலும் நிற்கும் என்று இல்லை. இதை எழுதவே கூசுகிறது. திட்டியாவது ஒரு வரி எழுது.

ஷோகிக்


கார்த்தூன்,
1999 செப்டம்பர் 26

அக்கா,

ஜூன் மாதம் பெண் குழந்தை பிறந்தது. வேண்டுமென்றேதான் உனக்குச் சொல்லவில்லை.

அதிர்வில் எதுவும் விழாததால் ஊரார் சாயத்தைச் சுரண்டிவிட்டு அவரவர் வீட்டுக்குப் போய்விட்டார்கள். உங்கள் கழகம் சொன்ன இரும்புப் பட்டை வரவில்லை. இரும்பு அறையில் மிச்சமிருப்பது நாங்கள் மட்டும்தான். மலை உச்சியில் பனி தெரிகிறது.

நாஸெலி சொல்லிவிட்டாள்: "பிள்ளைய வெச்சுக்கிட்டு இந்தக் குளிர நான் தாங்க மாட்டேன். உங்க அக்காவையே கேளுங்க. அவங்க என்ன சொன்னாலும் சரி, மறுபடி பொய் மட்டும் சொல்லாதீங்க."

கேட்கிறேன். குழந்தையை அந்த வீட்டுக்குள் கொண்டுபோகலாமா? அப்பாவைப் பற்றி எதுவும் எழுத வேண்டாம். இதற்கு மட்டும் பதில் சொல். நீ சொல்கிறபடி செய்கிறேன்.

வாகினாக்


யெரெவான்,
1999 அக்டோபர் 5

அன்புத் தம்பிக்கும் நாஸெலிக்கும்,

வேண்டாம். அந்தச் சுவரில் எதுவும் மாறவில்லை.

நாஸெலியும் குழந்தையும் இங்கே என் வீட்டுக்கு வரட்டும். சின்ன இடம்தான், ஆனால் மின்சார அடுப்பு இருக்கிறது, சூடு நிற்கிறது. மாடுகளை விட்டு உன்னால் வர முடியாது. அதனால் நான் அங்கே வருகிறேன். கழகத்தில் வசந்தம்வரை விடுப்புச் சொல்லிவிட்டேன்.

எழுத வேண்டாம் என்றாய். ஒன்றே ஒன்று மட்டும் எழுதிவிடுகிறேன். இங்கே வந்துவிடுங்கள் என்று போன குளிரில் அப்பாவிடம் நான் சொல்லவே இல்லை. மாடுகளையும் மலையையும் விட்டு வந்திருப்பாரோ, மாட்டாரோ. நான் கூப்பிடவில்லை. சுவருக்குள் என்ன இருக்கிறது என்று தட்டியே கண்டுபிடித்தவளுக்கு இது தோன்றவே இல்லை.

சனிக்கிழமை பேருந்தில் வருகிறேன். அதே வண்டி திரும்பும்போது இருவரையும் ஏற்றிவிடு. சாவியை நாஸெலியின் கையில் கொடுத்துவிட்டு, குழந்தையை ஒரு தடவை தூக்கிப் பார்த்துக்கொள்கிறேன்.

அப்புறம் இந்தக் குளிர் முழுக்க அந்த இரும்பு அறையில் நீயும் நானும்தான். பேச வேண்டாம் என்றால் பேசாமலே இருப்போம். வறட்டியை மட்டும் எடுத்துக் கொடு.

உன் அக்கா
ஷோகிக்